டக் சத்தம் வராத பெட்டி

குருவுக்கு வயது முப்பது. சீடருக்கு ஐம்பத்து மூன்று.

சீடர் சவரிமுத்து இருபத்தைந்து வருடம் வீடு வீடாக இன்வெர்ட்டர் மாட்டியவர். கரண்ட் போனதும் பேட்டரிக்கு மாறும்போது பெட்டிக்குள் ‘டக்’ என்று ஒரு சத்தம் வரும். ஃபேன் ஒரு கணம் தயங்கிவிட்டுச் சுற்றும். அந்தச் சத்தத்தை வைத்தே பெட்டியின் நலத்தைச் சொல்லிவிடுவார். காது அவ்வளவு கூர்மை. கர்வமும் அதற்குக் குறையாது.

இப்போது தூத்துக்குடியில் ஒரு மருத்துவமனையில், ஹசீனா மேடத்திடம் யூபிஎஸ் வேலை கற்றுக்கொண்டிருந்தார்.

ஒருநாள் மதியம் யூபிஎஸ் பெட்டி இருந்த அறையில் இருவரும் நின்றிருந்தபோது கரண்ட் போனது. சுவருக்கு அந்தப் பக்கம், ஏழாம் மாதத்திலேயே பிறந்துவிட்ட குழந்தை ஒன்று இந்தப் பெட்டியை நம்பி ஓடும் வென்டிலேட்டரில் இருந்தது.

சவரிமுத்து காதைத் தீட்டினார். டக் வரவில்லை. பெட்டி கீச் கீச்சென்று கத்தியது, அவ்வளவுதான். கதை முடிந்தது என்றே நினைத்துவிட்டார். பெட்டியை ஒதுக்கிவிட்டு வெளிக் கரண்டை நேராக அனுப்பும் பைபாஸ் சுவிட்சில் கை வைத்தார்.

ஹசீனா அவர் மணிக்கட்டைப் பிடித்தார்.

“வெளிய கரண்ட் இருக்காண்ணே?”

அப்போதுதான் அவருக்கு உறைத்தது. திருகியிருந்தால் குழந்தையின் மூச்சு நின்றிருக்கும்.

ஹசீனா அவரைக் கண்ணாடிச் சன்னலுக்கு அழைத்துப்போனார். பிஞ்சு மார்பு ஏறி இறங்கியது. திரையில் பச்சைக் கோடு பிசகாமல் ஓடியது. சவரிமுத்துவுக்குக் கண் கலங்கிவிட்டது. அந்த இரும்புப் பெட்டியைக் கையெடுத்துக் கும்பிடலாம் போலிருந்தது.

ஜெனரேட்டர் ஓடத் தொடங்கியதும் கத்தல் நின்றது. அப்போதும் டக் இல்லை.

கத்தியது நமக்குத் தகவல் சொல்லத்தான் என்றார் ஹசீனா. வெளிக் கரண்ட் ஏறும், இறங்கும், இடி மின்னலில் எகிறும். அதில் ஒரு சொட்டுகூடக் குழந்தையிடம் நேராகப் போவதில்லை. பெட்டி அதை வாங்கி பேட்டரிக் கரண்டாக்கி, அதிலிருந்து சீரான கரண்டைப் புதிதாகச் செய்து அனுப்புகிறது. வெளிவரத்து நின்றால் பக்கத்திலேயே இருக்கும் பேட்டரி கொடுக்கிறது.

சவரிமுத்து தலையாட்டினார். ஆனால் காது சமாதானமாகவில்லை.

“டக்குன்னு ஒரு சத்தம்கூட கேக்கலியே மேடம். அப்ப எப்பதான் மாறிச்சு?”

“மாறலண்ணே. கரண்ட் இருந்தப்பவும் இதே வேலையத்தான் செஞ்சிக்கிட்டு இருந்துச்சு.”