அதிகாரியோட முன்பல்லு

அறுபத்திரண்டுல சீனாவோட சண்டை வந்ததும், மெட்ராஸ்ல பல்லு கட்டுற சீனாக்காரி சியூலானோட கடைக்கு ஒரு அதிகாரி போலீஸ்காரங்களோட ஜீப்புல வந்து எறங்கினாரு. அவ பொறந்ததே இதே ஊரு மண்ணடியிலதான். அதை யாரு கேட்டா?

"சீனாக்காரங்க கை பட்ட பொருள் ஒண்ணும் இந்த ஊர்ல இருக்கக் கூடாது. எல்லாத்தையும் ஏத்துங்கடா!"

காலால மிதிச்சு ஓட்டுற பல்லு மிஷினைப் போலீஸ்காரங்க தூக்கினாங்க. அது போனா அவ வீட்டுல அடுப்பு எரியாது. சியூலான் ஒரு பீங்கான் தட்டை அதிகாரி மூஞ்சிக்கு நேரா நீட்டினா.

"மொதல்ல இதுல கழட்டி வைங்க சார்."

"எதைடி?"

"முன்பல்லு நாலையும். பொங்கலுக்குக் கரும்பு கடிக்கணும்னு என்கிட்டதான கட்டிக்கிட்டீங்க?"

தெருவே சிரிச்சுது. அதிகாரி வாயைப் பொத்திக்கிட்டு, மிஷினை எறக்கச் சொல்லிக் கையைக் காட்டினாரு.

சியூலான் மட்டும் சிரிக்கல. ஜீப்பு கிளம்புற வரைக்கும் தட்டை நீட்டிக்கிட்டேதான் நின்னா.