முதுகுக்குப் பின்னால் ஒரு கை

"டாக்டரம்மா, என் வீட்டு நாயே என்னைக் கடிக்க வருது," என்றார் சத்தியநேசன்.

அரசாங்க மாட்டாஸ்பத்திரியில் டாக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். நாய், பூனை வைத்தியம் பழக வேண்டுமென்று, மகள் வயசுள்ள ஃபிலோமினாவின் கிளினிக்கில் சிஷ்யராகச் சேர்ந்திருந்தார். வாய்க்கு மட்டும் ஓய்வு கிடையாது.

"எந்த நாய் சார்?"

"மிட்டாய். எல்சி வளர்த்தது."

எல்சி அவர் மனைவி. போன தவக்காலத்தில் போய்விட்டாள். வீட்டில் மிச்சம் மிட்டாய்தான். பெயர் மிட்டாய், வந்த நோயோ சர்க்கரை. காலையும் மாலையும் ஊசி போட்டால்தான் பிழைக்கும்.

"ஒரு வாரமா அமுக்கிப் பிடிச்சுக் குத்துறேன். இப்ப என்னைக் கண்டாலே கட்டிலுக்கடியில போயிடுது. நேத்து பல்லைக் காட்டுச்சு. ஊசியே போடல. இப்படியே போனா அதையும் நான்தான் புதைக்கணும்."

"எப்படிப் போறீங்க அதுகிட்ட? நான்தான் மிட்டாய்னு நினைச்சு என்கிட்ட வந்து காட்டுங்க."

"உங்களுக்கு எதுக்கும்மா ஊசி?"

"பேச்சு வேண்டாம். நடங்க."

நடந்தார். முகமெல்லாம் சிரிப்பு. "வாடி செல்லம்" என்று வாய்வரை வந்ததை விழுங்கிக்கொண்டார். வலது கை முதுகுக்குப் பின்னால்.

ஃபிலோமினா எழுந்து சுவரோரம் ஒதுங்கி நின்றார்.

"என்னம்மா ஒதுங்குறீங்க?"

"அந்தக் கையில என்ன?"

"ஒண்ணுமில்லையே."

"மறைக்கிறது மாட்டுக்கு ஊசி போட்ட பழக்கமா?"

"மாட்டுக்கு எதுக்கு மறைக்கணும்? தட்டிக் கொடுத்துட்டே குத்த வேண்டியதுதான். இது வீட்டுல..."

வெறுங்கையை முன்னால் கொண்டுவந்து பார்த்தார்.

எல்சி இருந்தவரை, சாயங்காலம் வேலை முடிந்து வருவார். முதுகுக்குப் பின்னால் அவித்த கடலைப் பொட்டலம். "இன்னைக்கு என்னவாம்?" என்று எல்சி எட்டிப் பார்ப்பாள். அதற்குள் மிட்டாய் அவரைச் சுற்றிக்கொண்டு ஓடி, பொட்டலத்தில் மூக்கை வைத்திருக்கும். எல்சி சிரிக்கிற சிரிப்பு தெருமுனைவரை கேட்கும்.

"அப்பல்லாம் இந்தக் கையைப் பார்த்தா வாலாட்டும்மா."

 ஃபிலோமினா அடுத்த பூனையை உள்ளே விடச் சொன்னார்.

அன்று சாயங்காலம் சத்தியநேசன் அவித்த கடலை வாங்கிக்கொண்டு வந்து கட்டிலருகே போய் நின்றார். மூடி போட்ட ஊசியை உள்ளங்கையில் வைத்து முன்னால் நீட்டினார்.

மிட்டாய் தலையை மட்டும் வெளியே நீட்டியது. மோந்து பார்த்தது. உறுமியது.

அவருடைய இன்னொரு கை முதுகுக்குப் பின்னால் இருந்தது.

மிட்டாய் அதைப் பார்த்தது. ரொம்ப நேரம் பார்த்தது. பிறகு கட்டிலுக்கடியிலிருந்து வெளியே வந்து, ஊசியைக் கடந்து, அவரைச் சுற்றிக்கொண்டு பின்னால் போனது.

"இன்னைக்கு என்னவாம்?" என்றார் சத்தியநேசன்.