அரிசி டிரம்முக்குப் பக்கத்தில் ஒரு தோட்டம்

முதலில் கேட்டது ஒரு சத்தம்தான். செம்புக்குள் காசு விழுந்ததுபோல ஒரு சின்ன ‘டிங்’. அதன் பின்னாலேயே, திருவிழாப் பீப்பியை யாரோ மெதுவாக ஊதுவதுபோல ஒரு மெட்டு. அரையாண்டுப் பரீட்சை எழுதிவிட்டு மதியமே திரும்பிவந்த சங்கவி, ஒரு காலில் செருப்போடு வாசலில் நின்றுவிட்டாள். அந்த நேரத்தில் அந்த வீட்டில் சத்தம் என்பதே கிடையாது.

ஏன் கிடையாது என்பதைச் சொல்லிவிடுகிறேன். மேட்டூர் அனல்மின் நிலையக் குடியிருப்பில் அது ஒரு வீடு. அப்பா பொன்னுரங்கத்துக்குப் பெரும்பாலும் இரவு ஷிப்ட். பகலில் தூங்கினால்தான் ராத்திரி பாய்லர் பக்கம் நிற்க முடியும். அதனால் பகலில் டிவி கூடாது, ரேடியோ கூடாது, மிக்ஸி கூடாது, பக்கத்து வீட்டுக்காரி ஜன்னலில் நின்று பேசவும் கூடாது. அம்மா செண்பகம் கல்யாணமாகி வந்த நாளிலிருந்து பகலெல்லாம் பூனை மாதிரிதான் நடந்தாள். அப்படிப்பட்ட வீடுகளை எனக்குத் தெரியும். அங்கே பகல் என்பது ஒருத்தர் தூக்கத்துக்கு இன்னொருத்தர் காவல்.

சங்கவி அடுக்களைக்குள் எட்டிப் பார்த்தாள். அரிசி டிரம்முக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அம்மா அந்தக் கையடக்க விளையாட்டு மெஷினை முகத்துக்கு நேரே பிடித்திருந்தாள்.

மெஷின் சிங்கப்பூரிலிருந்து மாமா கொண்டுவந்தது. மலிவாகக் கிடைத்ததென்று ஜப்பான் எழுத்து வருகிற விளையாட்டாக வாங்கிவிட்டார். விதைப்பது, தண்ணீர் விடுவது, மாடு வளர்ப்பது, அவ்வளவுதான் விளையாட்டு. ஒரே ஒரு தோட்டத்தைத்தான் அது நினைவில் வைத்துக்கொள்ளும். புதிதாகத் தொடங்க வேண்டுமென்றால் பழையதை அழிக்க வேண்டும். மாமா எல்லார் முன்னாலும் பெட்டியைப் பிரித்து வெறும் நிலத்தைக் காட்டிய அன்றைக்கே, பரீட்சை முடியட்டும் என்று அதைப் பிடுங்கி ஒளித்தவள் செண்பகம். அப்பா ஒரு சட்டமும் போட்டார்: அதற்குள் யார் தொட்டாலும் லீவு முழுக்க அவர்களுக்கு அது கிடையாது.

மகளைக் கண்டதும் செண்பகம் அதை முந்தானைக்குள் மறைக்கப் பார்த்தாள். முடியாமல் போக, வெட்கத்தோடு காட்டினாள். ஒரு எழுத்தும் புரியாமலே எது விதை, எது உரம், எது விற்பனை என்று அழுத்தி அழுத்திக் கண்டுபிடித்திருந்தாள். முதலில் போட்ட தோட்டங்கள் பட்டுப்போனதையும், அழித்து அழித்து மறுபடி தொடங்கியதையும் சொல்லிச் சிரித்தாள். பெயர் கேட்ட இடத்தில் ஏதோ ஒரு எழுத்தையே திரும்பத் திரும்ப அழுத்திவிட்டிருந்தாள். இப்போது திரை முழுக்கப் பூசணி காய்த்துக் கிடந்தது.

“உங்கப்பாகிட்டயும் தம்பிகிட்டயும் சொல்லிராத கண்ணு. அப்புறம் நான் படின்னு சொன்னா எவன் மதிப்பான்?”

சங்கவி சொல்ல மாட்டேன் என்று சத்தியம் செய்தாள்.

பரீட்சை முடிந்தது, மெஷின் வெளியே வந்தது. பிள்ளைகள் அதே தோட்டத்தில் தொடர்ந்து விளையாடிக்கொள்வார்கள் என்று செண்பகம் நினைத்துவிட்டாள். தம்பி கிஷோர் அப்படி நினைக்கவில்லை. யாரோ முன்பே தொட்டிருக்கிறார்கள் என்று அதை நேரே அப்பாவிடம் கொண்டுபோய் நீட்டினான். பாதித் தூக்கத்தில் கட்டிலில் உட்கார்ந்து பொன்னுரங்கம் விசாரித்தார். யாரும் தன்னுடையது என்று ஒத்துக்கொள்ளவில்லை. அப்படியானால் அழித்துவிட்டு நான் புதிதாகத் தொடங்குகிறேன் என்றான் கிஷோர். அடுக்களை வாசலில் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்த அம்மாவின் கை நின்றதைச் சங்கவி பார்த்தாள்.

“என்னுதுதான்ப்பா,” என்றாள். “நான் லீவு முழுக்க தொடமாட்டேன். அழிக்க மட்டும் வேண்டாம்னு சொல்லுங்க.”

“இவளைப் பாத்துக் கத்துக்கோன்னு தினம் சொல்வீங்களே,” என்றான் கிஷோர். “கத்துக்கிட்டேன்.”

தப்பில் விளைந்த பூசணியைத் தப்பு செய்தவளுக்கே விட்டுவைப்பது நியாயமாகாது என்று பொன்னுரங்கத்துக்குப் பட்டது. அழிக்க வேண்டும், அதையும் அவள் கையாலேயே செய்ய வேண்டும் என்று தீர்ப்புச் சொன்னார்.

சங்கவி மெஷினை வாங்கினாள். அழிக்கிற இடம் எதுவென்று தெரியாமல் அவள் கட்டைவிரல் அந்த எழுத்துக்களுக்கு நடுவே மேலும் கீழும் அலைந்தது. அப்பா கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார். கிஷோர் பார்த்துக்கொண்டிருந்தான்.

செண்பகம் எழுந்து வந்தாள். “குடு இப்படி,” என்றாள்.

ஒருதரம் தோட்டத்தைத் திறந்து பார்த்தாள். பிறகு விரல் ஓர் இடத்திலும் தயங்காமல், எல்லாவற்றையும் அழித்து, வெறும் நிலத்தை மகன் கையில் கொடுத்தாள். தோட்டம் யாருடையது என்று மட்டும் சொல்லவில்லை. கிஷோர் அம்மாவைப் பார்த்தான், அக்காவைப் பார்த்தான். அவனுக்குப் புரிந்துவிட்டது. அவனும் சொல்லவில்லை.

இனி நீங்கள்தான் சொல்ல வேண்டும். அப்பா தான் போட்ட சட்டப்படி நடந்தார். மகள், தான் கொடுத்த வாக்குக்காகப் பொய் சொன்னாள். தம்பி தெரிந்தும் பேசாமல் இருந்தான். அம்மா தன்னுடையதைத் தானே அழித்தாள். இந்த நாலு பேரில் யார் செய்தது சரி?

கேட்டவர்களில் நிறையப் பேர் அம்மா பக்கம்தான் சாய்கிறார்கள். மகளை அழிக்கவிடாமல் தானே அழித்தாளே என்கிறார்கள். நானும் கொஞ்ச காலம் அப்படித்தான் இருந்தேன். ஆனால் யோசித்துப் பாருங்கள். அப்பா காத்தது தன் சட்டத்தை. கிஷோர் காத்தது தன் லீவை. உண்மை வெளியே வந்தால் மெஷின் அவனுக்கு மட்டும் என்று இருக்காது. செண்பகம் தோட்டத்தைக் கொடுத்துத் தன் மதிப்பைக் காத்துக்கொண்டாள். பழி மகள் தலையிலேயே நின்றது. தன்னுடையது அல்லாத ஒன்றைக் காக்கத் தன் நல்ல பேரைக் கொடுத்தவள் ஒருத்திதான். பொய்யே சொன்னாலும், சரியாக நடந்தவள் சங்கவி.

செண்பகத்துக்கும் அது தெரியாமல் இருந்திருக்காது. அப்பா மறுபடி படுத்துவிட்டார். அவள் அடுக்களை வாசலுக்குத் திரும்பினாள். எதிரே வந்து உட்கார்ந்த மகள் பக்கம் முறத்தைச் சத்தமில்லாமல் பாதி தள்ளி வைத்தாள். இரண்டு பேரும் கீரை ஆய்ந்தார்கள்.