கயிற்றோடு புதைந்த தாளம்

அந்தக் காலத்தில் நண்டும் நாரையும் மனிதரோடு வாய் ஓயாமல் பேசின. பேச்சில் எல்லாரும் ஒன்று. தாளத்தில் மட்டும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. பிறக்கும்போதே நெஞ்சுக்குள் ஆளுக்கொரு தாளம் வந்துவிடுகிறது, அது இன்னொருவர் தாளத்தோடு சேர்ந்துவிட்டால் இருவரில் ஒருவர் உயிர் போய்விடும் என்று அந்தக் கடற்கரை ஊர்க்காரர்கள் நம்பினார்கள். யார் சொன்னது என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. தெரியாவிட்டால் என்ன, நம்புவதற்கு அது ஒரு தடையா?

அதனால் அவர்கள் பட்ட பாட்டைச் சொன்னால் சிரிப்பீர்கள். இருவர் சேர்ந்து போகும்போது கால் ஒன்றாக விழுந்துவிட்டால் அங்கேயே நின்று, தூவென்று துப்பி, ஒருவர் கால் மாற்றி நடப்பார். ஒரே உரலில் இரண்டு பெண்கள் நெல் குத்துவதில்லை. பிள்ளை அழுதால் தாய் தட்டிக்கொடுக்க மாட்டாள், தடவித்தான் கொடுப்பாள்.

சிப்பியாளும் அப்படியே வளர்ந்தவள்தான். அவள் புருசன் திரையன் கொஞ்சம் குறும்புக்காரன். மணலில் நடக்கும்போது வேண்டுமென்றே அவள் காலோடு கால் வைத்துச் சீண்டுவான். அவள் பதறிப்போய்த் துப்புவாள், திட்டுவாள். அவன் சிரித்துக்கொண்டே கால் மாற்றுவான். அவன்மேல் அவளுக்கு உயிர்.

அந்த ஊரில் கட்டுமரத்தில் போகிறவன் நீளமான தேங்காய்நார்க் கயிற்றின் ஒரு முனையை இடுப்பில் கட்டிக்கொண்டு போவான். மறுமுனை கரையில் ஒரு முளையில் கட்டிக் கிடக்கும். திரும்பும்போது ஊரார் இழுத்துக் கொடுப்பார்கள். அதையும் ஒருவர் மாற்றி ஒருவராகத்தான் இழுப்பார்கள். ஒருவர் கை இழுக்கும்போது மற்ற கைகள் கயிற்றைச் சும்மா தொட்டுக்கொண்டிருக்கும். கடல் அமைதியாக இருக்கிற நாளில் அது போதுமாக இருந்தது.

ஐப்பசியில் ஒரு நாள் நடுப்பகலிலேயே வானம் கறுத்தது. காற்று மணலை வாரி முகத்தில் அடித்தது. ஆலாப் பறவை ஒன்று கடலிலிருந்து கத்திக்கொண்டே வந்தது.

"மரம் கவுந்துட்டு! திரையன் தண்ணியில கெடக்கான். கையை ஆட்டுதான், இழுங்க, இழுங்க!"

ஊரே ஓடிவந்து கயிற்றைப் பிடித்தது. வழக்கம்போல மாற்றி மாற்றித்தான் இழுத்தார்கள். ஒருவர் ஒரு முழம் இழுப்பார். அடுத்தவர் இழுப்பதற்குள் கடல் இரண்டு முழத்தைத் திருப்பி வாங்கிக்கொள்ளும்.

"எல்லாரும் ஒண்ணா இழுங்க!" என்று கத்தினாள் சிப்பியாள்.

எல்லாக் கைகளும் நின்றுவிட்டன. அவளுக்கு முன்னால் கயிற்றைப் பிடித்திருந்த வலம்புரி திரும்பிப் பார்த்தாள். திரையனின் சொந்த அக்காள் அவள்.

"என்ன பேச்சு பேசுத ஏட்டி? ஒண்ணா இழுத்தா யாரு உசுரு போவும்னு ஒனக்குத் தெரியுமா? எனக்கும் புள்ளைக இருக்கு."

"மதினி, அங்க கெடக்கது உங்க கூடப் பொறந்தவரு."

"எனக்கு மட்டும் வயிறு எரியலன்னா நெனைக்க? மாத்தி மாத்தியே இழுப்போம். வந்துருவான்."

ஆளுக்கொன்று சொன்னார்கள். காற்று தணியட்டும் என்றார் ஒருவர். பிள்ளை இல்லாதவர்கள் மட்டும் சேர்ந்து இழுக்கட்டும் என்றார் இன்னொருவர். பிள்ளை இல்லாதவர்கள் சும்மா விடுவார்களா? அதற்கு ஒரு சண்டை. சிப்பியாள் ஒவ்வொருவர் காலிலும் விழுந்து பார்த்தாள். யாரும் இசையவில்லை; மறுபடியும் மாற்றி மாற்றித்தான் இழுக்கத் தொடங்கினார்கள்.

அவளுக்கு வேறு வழி தெரியவில்லை. கயிற்றைத் தன் இடுப்பில் சுற்றி முடிச்சுப் போட்டாள். காலை மணலில் புதைத்துக்கொண்டாள். இரண்டு கைகளாலும் மாரில் ஓங்கி ஓங்கி அடித்துக்கொண்டு, "எய்யா, எய்யா" என்று அழத் தொடங்கினாள்.

ஒவ்வொரு அடிக்கும் அவள் உடம்பு குலுங்கியது. உடம்பு குலுங்கக் கயிறு குலுங்கியது. அந்தக் குலுக்கல் கயிற்றைப் பிடித்திருந்த எல்லா உள்ளங்கைகளுக்குள்ளும் போனது. முந்திக்கொண்ட கை தன்னை அறியாமல் கொஞ்சம் நின்றது. பிந்திய கை கொஞ்சம் விரைந்தது. வலம்புரி விஷயம் புரிந்து கையை எடுக்கப் பார்த்தாள். கை வரவில்லை. சிப்பியாள் அடித்த அடிக்கே ஊர் முழுக்க ஒரே கையாக இழுத்தது. கடல் எவ்வளவோ முண்டியும் கயிறு கரைக்கு வந்துகொண்டே இருந்தது.

திரையனும் வந்தான். உயிர் மட்டும் வரவில்லை.

ஆலா அவன் தலைமாட்டில் வந்து உட்கார்ந்தது. சிப்பியாள் அதனிடம் ஒன்றுதான் கேட்டாள்.

"அவரு கை ஆட்டுதது எப்பம் நின்னுச்சு?"

"நீங்கள்லாம் பேசிக்கிட்டு நின்னீகளே, அப்பந்தான்" என்றது ஆலா.

ஊர்க்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். அடுத்து யார் விழப்போகிறார்கள் என்று பொழுது சாயும்வரை காத்திருந்தார்கள். யாரும் விழவில்லை. ஒருவருக்குத் தலைவலிகூட வரவில்லை. வலம்புரி மண்ணில் உட்கார்ந்து தம்பியின் காலைப் பிடித்துக்கொண்டு கதறினாள்.

அப்போதும் பயம் விடவில்லை. எல்லார் நெஞ்சும் ஒரே தாளத்தில் அடித்துக்கொண்டிருந்ததல்லவா! வளைக்குள்ளிருந்து நண்டு தலையை நீட்டி, "கயித்த அறுத்தா அவங்கவங்க தாளம் பிரிஞ்சிரும். அறுக்கலன்னா எந்தக் காலத்துக்கும் பிரியாது" என்றது. உடனே யாரோ ஓடிப்போய் ஒரு கத்தியைக் கொண்டுவந்து சிப்பியாளிடம் நீட்டினார்கள். முடிச்சு அவள் இடுப்பில்தானே இருந்தது.

அவள் கத்தியை வாங்கினாள். வாங்கி, கடலில் வீசினாள்.

"அறுக்க மாட்டேன். நீங்க இப்பம் சேந்த மாதிரி அப்பமே சேந்திருந்தா எம்புருசன் இருந்திருப்பாரு. இனி யாரும் பிரிய வேண்டாம்."

முடிச்சை அவிழ்த்து, அவ்வளவு நீளக் கயிற்றையும் திரையன் உடம்பில் சுற்றினாள். பிறகு மணலைத் தோண்ட உட்கார்ந்தாள். வலம்புரி கண்ணைத் துடைத்துக்கொண்டு பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். இருவர் கைகளும் ஒன்றாக விழுந்தன, ஒன்றாக எழுந்தன. யாரும் துப்பவில்லை. கயிற்றோடுதான் அவனைப் புதைத்தார்கள். அது இன்னும் அறுபடாமல் மண்ணுக்கடியில் கிடக்கிறது; அதன்மேல்தான் நாம் எல்லாரும் நிற்கிறோம்.

அன்று முதல்தான் வலை இழுக்கும் கைகள் ஒன்றாக எழுகின்றன. சாவு மேளம் தெருவில் போகும்போது, செத்தது யாரென்றே தெரியாதவன் காலும் அந்த அடிக்கே விழுகிறது.