பாகு பூசிக்கொண்ட பப்ஸ்

ஒரு மலையூரில் ஒரு பேக்கரி இருந்தது. பஸ் நிலையத்திலிருந்து மேலே ஏறுகிற சாலையின் வளைவில் அது இருந்ததால், ஏறி வந்தவர்கள் எல்லாரும் மூச்சு வாங்குவதற்காகவாவது அதன் முன்னால் நின்றார்கள். நின்றவர்களை வாசனை உள்ளே இழுத்துக்கொண்டது. வியாபாரம் நன்றாகவே நடந்தது.

கடையின் கண்ணாடி அலமாரிக்குள் எந்நேரமும் பேச்சுச் சத்தம்தான். கிரீம் பன்னுக்குத் தன் நிறத்தைப் பற்றிப் பெருமை. தேங்காய் பன் தன் கனத்தைப் பற்றிப் பேசும். ஜாம் பப்ஸ்கள் ஒரே தட்டில் ஒன்றாகச் சூடேறி வெந்தவை. ஒன்று சிரித்தால் மற்றதெல்லாம் காரணம் கேட்காமல் சிரிக்கும்.

அதே அலமாரியின் மூலையில் ஒரு சின்னப் பீங்கான் தட்டு இருந்தது. அதில் ஒரே ஒரு பப்ஸ்.

அந்தப் பப்ஸில் சர்க்கரை கிடையாது. கடைக்காரர் ஞானசிகாமணி, நன்றாகப் பழுத்துக் குழைந்த பேரிக்காய்களைப் பொறுக்கி எடுத்து, கொஞ்சம் பிளம்ஸும் ஒரு துண்டுப் பட்டையும் போட்டு, சிறு தீயில் வைத்துக் கிளறுவார். தண்ணீர் சுண்டச் சுண்ட, பழம் தனக்குள் வைத்திருக்கிற இனிப்பைக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே விடும். அவசரப்பட்டால் அடிபிடித்துவிடும். பொறுமையாகச் சுண்டவைத்ததை மாவில் வைத்து மடித்து, அடையாளத்துக்கு ஓரத்தில் முள்கரண்டியால் கோடு அழுத்திச் சுடுவார். மற்றவற்றுக்குப் பூசுகிற சர்க்கரைப் பாகை இதற்குப் பூசுவதில்லை. அதனால் பார்க்கக் கொஞ்சம் மங்கலாகத்தான் இருக்கும்.

பப்ஸின் ஆயுள் ஒரு நாள். நேற்று இதே தட்டில் இருந்தது எது, அதை யார் கொண்டுபோனார்கள் என்பதெல்லாம் இன்றைய பப்ஸுக்குத் தெரிய வழியில்லை. காலையில் கண் விழித்தது. சுற்றிப் பார்த்தது. தன்னைப் போல இன்னொன்று இல்லை என்று தெரிந்துகொண்டது.

“மூலையில் யார் அது?” என்று கேட்டது கிரீம் பன்.

“அதுவா? அது பத்தியம்,” என்றது ஒரு ஜாம் பப்ஸ். “நோயாளிகளுக்காகச் செய்தது. கிட்டே போனால் மருந்து வாசனை அடிக்கும்.”

ஜாம் பப்ஸ்கள் எல்லாம் சிரித்தன.

“நான் மருந்து இல்லை,” என்றது பப்ஸ். “எனக்குள்ளும் பழம்தான் இருக்கிறது.”

“எல்லாருக்குள்ளும்தான் பழம் இருக்கிறது,” என்றது ஜாம் பப்ஸ். அதற்குள் இருந்ததில் பாதி சிவப்புச் சாயம். ஆனால் தன் வயிற்றில் என்ன இருக்கிறது என்று யார்தான் பார்த்தார்கள்?

வாங்க வந்தவர்களும் சும்மா இருக்கவில்லை. ஸ்வெட்டர் போட்ட ஒரு அம்மாள் குனிந்து பார்த்து, “இது என்ன, தனியா இருக்கு?” என்று கேட்டார்.

“சர்க்கரை போடாதது, அக்கா,” என்றாள் கல்லாவில் இருந்த அல்போன்சா. அவள் ஞானசிகாமணியின் மனைவி.

“அய்யோ, எனக்கு அந்த நெலமை இன்னும் வரல,” என்று அந்த அம்மாள் கையை இழுத்துக்கொண்டார். பப்ஸுக்கு உள்ளே இருந்த பழமெல்லாம் ஆறிப்போன மாதிரி இருந்தது.

அது தன் தட்டிடம் கேட்டது. “நான் என்ன தப்புச் செய்தேன்?”

“ஒன்றும் செய்யவில்லையே.”

“பிறகு ஏன் என்னை மட்டும் தனியே வைத்திருக்கிறார்கள்?”

“சாயங்காலம் ஒருத்தர் வருவார். உன்னை வாங்கிக்கொண்டு போவார்.”

“ஒரே ஒருத்தரா?”

“ஒரே ஒருத்தர்.”

“அவர்களுக்கெல்லாம் எத்தனை பேர் வருகிறார்கள், பார். எனக்கு ஒருத்தர்தானா?”

தினமும் ஒரு புதுப் பப்ஸுக்கு இதையே சொல்லித் தட்டுக்குச் சலித்துவிட்டது. அந்த ஒருத்தர் யார், எதற்காக வருகிறார் என்று ஒரு வார்த்தை சேர்த்துச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. தட்டுகளுக்கும் அலுப்பு உண்டு.

மதியத்துக்கு மேல் அல்போன்சா அலமாரியைத் துடைக்க வந்தாள். பீங்கான் தட்டை எடுத்து அடுப்பறை மேசையில் வைத்தாள். அங்கே அப்போதுதான் அடுப்பிலிருந்து இறக்கிய ஜாம் பப்ஸ் தட்டு இருந்தது. பக்கத்தில் பாகுக் கிண்ணமும் பூசுகிற பிரஷ்ஷும். ஞானசிகாமணி போனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு, மைதா அனுப்பாமல் ஏமாற்றிய மண்டிக்காரரோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தார். கை மட்டும் தன் பாட்டுக்குப் பாகு பூசிக்கொண்டிருந்தது.

பிரஷ் போன இடமெல்லாம் மினுமினுத்தது. பப்ஸ் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தது. பீங்கான் தட்டின் ஒரு பக்கம் கரித்துணியின் மேல் ஏறிச் சாய்ந்திருந்தது. சாய்ந்த பக்கத்தில்தான் ஜாம் பப்ஸ்களின் வரிசை. வரிசையில் ஓர் இடம் காலியாக இருந்தது.

“வேண்டாம்,” என்றது தட்டு.

பப்ஸ் சறுக்கிப் போய் அந்தக் காலி இடத்தில் உட்கார்ந்துகொண்டது.

பிரஷ் அதன் மேல் வந்து நின்றது. “நீ அந்தத் தட்டைச் சேர்ந்தவன் ஆயிற்றே?”

“எனக்கும் ஒரே ஒரு தடவை,” என்றது பப்ஸ். “உனக்கென்ன நஷ்டம்?”

“எனக்கு ஒரு நஷ்டமும் இல்லை. பூசுவது என் வேலை, பூசுகிறேன். ஆனால் எனக்குத் துடைக்கத் தெரியாது. பிறகு வந்து என்னைக் கேட்கக் கூடாது.”

“கேட்க மாட்டேன்.”

பிரஷ் ஒரு இழுப்பு இழுத்தது. வெதுவெதுப்பான பாகு பப்ஸின் மேல் பரவி, இடுக்குகளிலெல்லாம் இறங்கியது. அல்போன்சா வந்து ஜாம் பப்ஸ் தட்டைத் தூக்கிக்கொண்டுபோய் அலமாரியில் வைத்தாள். பீங்கான் தட்டையும் கவனிக்காமலே பழைய மூலையில் வைத்துவிட்டுப் போனாள்.

“அட, நம்ம பத்தியமா இது?” என்றது ஒரு ஜாம் பப்ஸ். “ஆளே மாறிவிட்டாயே.”

“இங்கே தள்ளி உட்கார்,” என்றது இன்னொன்று. பிறகு ஏதோ சொல்லி எல்லாம் சிரித்தன. பப்ஸும் சேர்ந்து சிரித்தது. காலையிலிருந்து அது சிரித்தது அப்போதுதான். சந்தோஷமாக இருந்தது. பொய் சொல்வானேன், மிகவும் சந்தோஷமாக இருந்தது.

சாயங்காலம் வெயில் மலைக்குப் பின்னால் இறங்கியதும் பூபாலன் வந்தார். கொஞ்சம் கீழே, சாலையோரத்தில் தையல் கடை வைத்திருப்பவர். ஒற்றை ஆள். கழுத்தில் இஞ்ச் டேப் தொங்கியது, கழற்ற மறந்திருந்தார்.

“என்ன தங்கச்சி, தட்டு காலியா இருக்கு?”

அல்போன்சா திரும்பிப் பார்த்தாள். மூலையில் பீங்கான் தட்டு வெறுமனே இருந்தது. அவள் ஜாம் பப்ஸ் வரிசையை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். முள்கரண்டிக் கோடு போட்டது ஒன்று நடுவில் மினுமினுவென்று உட்கார்ந்திருந்தது. அவள் முகம் சுண்டிவிட்டது.

“அண்ணே, தப்பு நடந்துபோச்சு. இவரு போன்ல கத்திக்கிட்டே உங்களோடதுக்கும் பாகு தடவிட்டாரு.”

“மேல உள்ளதைச் சொரண்டிட்டுக் குடேன்.”

“உள்ள எறங்கியிருக்கும்ணே. போன மாசம் நீங்க மயங்கி விழுந்தப்ப நான்தான தண்ணி தெளிச்சேன். என் கையால தர மாட்டேன்.”

ஞானசிகாமணி கையைத் துடைத்துக்கொண்டே வெளியே வந்தார். “மன்னிச்சுக்கங்கண்ணே. இப்பவே ஒண்ணு போட்டுத் தந்துர்றேன்.”

“பழம் சுண்ட எம்புட்டு நேரம் ஆவும்?”

“ரெண்டு மணி நேரமாவது ஆவும்.”

“அதுக்குள்ள ஜாங்கிரி தீந்துரும்,” என்று பூபாலன் சிரித்தார். “எங்க லைன்ல ஜெனிபா இருக்குல்ல, அதுக்கு நர்ஸ் வேலை கெடச்சிருக்கு. யூனிபார்ம் நான்தான் தச்சேன். இப்ப எல்லாருக்கும் ஜாங்கிரி குடுக்கறாங்க.”

“ஒரு முட்டை பப்ஸ் தரட்டுமாண்ணே?”

“நல்ல சேதிக்குப் போயி காரமா திம்பாங்க?” அவர் கண்ணாடியில் விரலால் எதையோ துடைத்தார். “தட்டு எடுத்துக்கிட்டு வருவாங்க தங்கச்சி. என்கிட்ட வந்ததும், ‘அண்ணனுக்கு ஆகாது’ன்னுட்டு அடுத்த ஆளுக்குப் போயிரும். அக்கறைலதான் சொல்றாங்க, குத்தம் சொல்லல. ஆனா கையில ஒண்ணு இருந்துச்சுன்னா, அவங்க கடிக்கும்போது நானும் ஒரு வாய் கடிச்சுக்குவேன். யாரும் எதுவும் சொல்ல வேண்டியதில்ல. டீக்கடைலயும் அப்புடித்தான். அதுக்குத்தான் தெனம் வர்றது.”

பப்ஸ் இதையெல்லாம் கேட்டது. அவருக்கும் அதற்கும் நடுவே ஒரு கண்ணாடிதான் இருந்தது.

“நான்தான்,” என்று அது கத்தியது. “உள்ளே அப்படியேதான் இருக்கிறேன். ஒரு சொட்டுச் சர்க்கரை இல்லை. இங்கே பாருங்கள்.”

ஜாம் பப்ஸ்கள் ஒன்றும் புரியாமல் அதைப் பார்த்தன. அடுப்பறைச் சுவரில் தொங்கிய பிரஷ்ஷைப் பார்த்து அது கெஞ்சியது. “துடைத்துவிடு. தயவுசெய்து துடைத்துவிடு.”

“அப்போதே சொன்னேன்,” என்றது பிரஷ்.

“பரவால்ல தங்கச்சி,” என்று சொல்லிவிட்டுப் பூபாலன் படியிறங்கிப் போனார். 

அவர் போன சற்று நேரத்தில் ஒரு டூரிஸ்ட் வேன் வந்து நின்றது. கறுப்புக் கண்ணாடி போட்ட ஓர் இளைஞன் கையை நீட்டினான். “அந்தப் பளபளன்னு இருக்கறத குடுங்க.”

“அது இனிப்பு கம்மி, சார்.”

“பாக்க நல்லாருக்கே. குடுங்க.”

வெளியே போய் ஒரு கடி கடித்தான். மென்று பார்த்தான். “ஜாமே இல்ல மச்சான்,” என்று நண்பனிடம் சொன்னான். வேன் ஹாரன் அடித்தது. சாலையோரக் கைப்பிடிச் சுவரின் மேல் பப்ஸை வைத்துவிட்டு ஓடினான்.

அந்தச் சுவருக்குக் கீழேதான் லைன் வீடுகள். ஒட்டி ஒட்டிக் கட்டிய வீடுகளின் வாசலில் அக்கம்பக்கத்தார் எல்லாரும் நின்றிருந்தார்கள். வெள்ளை யூனிபார்ம் போட்ட ஒரு பெண் நடுவில் கூச்சத்தோடு நின்றாள். தோள் தையல் கச்சிதமாக இருந்தது. அவள் அம்மா ஜாங்கிரித் தட்டோடு ஒவ்வொருவரிடமாக வந்தாள். கடைசியில் பூபாலன் நின்றிருந்தார். கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் இஞ்ச் டேப்பைச் சுருட்டிச் சுருட்டிப் பிரித்துக்கொண்டிருந்தார்.

“உங்களுக்குத்தான் ஆகாதேண்ணே,” என்றாள் அந்த அம்மா, உண்மையான வருத்தத்தோடு.

“ஆமாம்மா. நீ மத்தவங்களுக்குக் குடு.”

தட்டு அவரைத் தாண்டிப் போனது. எல்லாரும் ஒரே நேரத்தில் கடித்தார்கள். பூபாலன் அவர்களைப் பார்த்துச் சிரித்தபடி நின்றார்.

பப்ஸ் சுவரின் மேல் கிடந்தது. கொஞ்ச நேரத்தில் எறும்புகள் வரிசையாக வந்தன. அவசரமில்லாமல், ஒரு மூலை விடாமல், மேலே இருந்த பாகை மட்டும் தின்றுவிட்டுப் போயின. உள்ளே இருந்த பழத்தை அவை தொடவில்லை. பப்ஸ் மறுபடியும் காலையில் இருந்த மாதிரியே மங்கலாக ஆனது. ஆனால் அப்போது கீழே வாசலில் யாரும் இல்லை.

மறுநாள் காலை பீங்கான் தட்டில் ஒரு புதுப் பப்ஸ் கண் விழித்தது. சுற்றிப் பார்த்தது. ஜாம் பப்ஸ்கள் சிரித்தன.

“என்னை மட்டும் ஏன் தனியே வைத்திருக்கிறார்கள்?” என்று அது கேட்டது.

தட்டு இந்த முறை அலுத்துக்கொள்ளவில்லை. இஞ்ச் டேப்பைக் கழற்ற மறந்த மனிதரைப் பற்றிச் சொன்னது. அவர் எதற்காக வருகிறார் என்று சொன்னது. நேற்று அவர் வெறுங்கையோடு படியிறங்கியதையும் சொன்னது.

“அவர் எப்போது வருவார்?” என்று கேட்டுவிட்டு, புதுப் பப்ஸ் தட்டின் ஓரத்திலிருந்து நகர்ந்து நடுவில் உட்கார்ந்துகொண்டது.