யார் வீட்டுத் தட்டு

மாவு மில்லின் மேல்மாடியில் குடியிருந்த செண்பகம் அம்மாளிடம் மனக்குறையோடு ஊர்ப்பட்ட பேர் வருவார்கள். அன்று காலை வந்தவர் அடுத்த வீட்டுக்காரர் திருவேங்கடம். அம்மாளின் வயதுதான், ஆனாலும் அவளையே குருவாக வரித்துக்கொண்டவர். ஒரு கையில் துணிப்பை, மறுகையில் வீட்டுச் சாவி.

"அம்மா, நான் மலைப்பக்கம் ஆசிரமத்துக்குக் கிளம்பிட்டேன். இந்தத் தெருவுக்கு வந்து ஒரு வருஷம் ஆச்சு. என் பேர் என்னன்னு கேட்க நாதியில்லை. செத்துக் கிடந்தாக்கூட நாத்தம் வந்தாத்தான் எட்டிப் பார்ப்பாங்க. இங்கே எப்படிம்மா இருக்கிறது?"



"இன்னிக்குத் தண்ணி லாரி வரும். உங்க குடத்தை வரிசையில வையுங்க," என்றாள் அம்மாள்.

"கிளம்புறவனுக்குத் தண்ணி எதுக்கு?"

"வையுங்களேன்."

குரு வாக்காச்சே! போய் ஒரு பச்சைக் குடத்தைக் கொண்டுவந்து கடைசியில் வைத்தார். அதற்கு மூடிகூடக் கிடையாது.

"வாங்க, டீ குடிச்சுட்டு வருவோம்."

"குடத்தை விட்டுட்டா? தூக்கி எறிஞ்சிடுவாங்கம்மா!"

அம்மாள் நடையைக் கட்டினாள். வேறு வழியில்லாமல் அவரும் போனார்.

பாதி டீ இறங்கவில்லை, லாரி ஹாரன் கேட்டது. கூடவே கூச்சல்.

"ஏய், எனக்கு முன்னாடி வந்தியா நீ?"

"ஆமா, உன்கிட்ட டோக்கன் வாங்கிட்டு வரணுமோ!"

அப்பப்பா, அந்தத் தெருப் பெண்களின் வாய்க்கு முன்னால் ஹாரனெல்லாம் எம்மாத்திரம்! திருவேங்கடம் பதறி எழுந்தார்.

"டீ ஆறிடும், உட்காருங்க."

திரும்பி வந்தபோது லாரியும் இல்லை, கூட்டமும் இல்லை. ஈரத் தரையில் பச்சைக் குடம் மட்டும் நின்றது. அதன்மேல் தூசி விழாமல் ஓர் எவர்சில்வர் தட்டு. எடுத்துப் பார்த்தார். கழுத்துவரை தண்ணீர்.

அடடா, என்ன ஜனங்கள்! அத்தனை சண்டைக்கு நடுவிலும் ஆளில்லாத குடத்தைக் காலாலேயே நகர்த்தி நகர்த்திக் கொண்டுபோய்ப் பிடித்து வைத்திருக்கிறார்கள். போதாததற்கு யாரோ தன் வீட்டுத் தட்டையும் விட்டுப் போயிருக்கிறார்.

திருவேங்கடத்துக்குக் கண் கலங்கியது. "யார் வீட்டுத் தட்டும்மா இது?"

"எனக்கெப்படித் தெரியும்? வீடு வீடாப் போய்க் கேளுங்க."

"அப்போ ஆசிரமம்?"

"தட்டைக் கொடுத்துட்டுக் கிளம்புங்க, யார் வேண்டாம்னது? ஆனா ஒண்ணு, வெறுந்தட்டாக் கொடுக்கக்கூடாது."