எருமை நடத்திய பாசி விசாரணை

கருவேலங்காட்டுக் குளத்தில் பாசி பிடித்துவிட்டது.

காலை வழுக்கிவிடும் சாதாரணப் பாசி இல்லை. நூல் நூலாக, அவிழ்த்துப் போட்ட தலைமயிர் மாதிரி நீளமான பாசி. முதலில் கரையோரத்தில் ஒரு கொத்து மிதந்தது. யாரும் கண்டுகொள்ளவில்லை. வெயில் ஏற ஏற அது பாய் விரித்த மாதிரி பரவிவிட்டது. தண்ணீர் குடிக்க வாயை வைத்தால் வாய் நிறையப் பாசிதான் வந்தது.

அந்தக் குளத்தில் பெரியவர் மேகராசன் என்ற எருமைக்கடா. மேகராசன் என்பது அவர் தமக்குத் தாமே வைத்துக்கொண்ட பெயர். காலையில் தண்ணீரில் இறங்கினால் பொழுது சாயும்போதுதான் கரை ஏறுவார். எருமைத் தோலுக்கு வெயில் ஆகாது. அதனால் இதைச் சோம்பேறித்தனம் என்று சொல்லிவிட முடியாது. சொல்கிற தைரியமும் அங்கே யாருக்கும் இல்லை.

அவர் முதுகில் வெள்ளச்சி என்ற உண்ணிக்கொக்கு உட்கார்ந்திருக்கும். உண்ணி பொறுக்குவது, ஈ பிடிப்பது எல்லாம் அதன் சாப்பாடு. அதற்குப் பதிலாக ஒரு வேலையும் உண்டு. மேகராசன் கழுத்து தடித்த கழுத்து. பின்னால் திரும்பாது. அதனால் அடிக்கடி கேட்பார்.

"வெள்ளச்சி, பின்னாடி என்ன தெரியுது?"

"எல்லாம் நல்லாத்தான் இருக்குங்க ஐயா!"

வெள்ளச்சி திரும்பிப் பார்க்காமலேயே சொல்லும். அந்தப் பதில்தான் ஐயாவுக்குப் பிடிக்கும் என்று அதற்குத் தெரியும்.

குளத்துக்கு நடுவே நின்ற கருவேல மரத்தில் வெள்ளச்சியின் கூடு இருந்தது. கூட்டில் மூன்று குஞ்சுகள். இன்னும் இறகு முளைக்காத குஞ்சுகள். ஐயாவின் முதுகில் கிடைப்பதைத்தான் அவற்றுக்குக் கொண்டுபோய்க் கொடுத்துக்கொண்டிருந்தது. இந்தக் குளம் பாசியால் மூடிப்போனால் மேகராசன் மலைக்கு அந்தப்புறம் உள்ள ஆற்றுக்குப் போய்விடுவார். குஞ்சுகளால் அங்கே பறக்க முடியாது. அதை நினைக்கும்போதெல்லாம் வெள்ளச்சி கூட்டை ஒருமுறை பார்த்துக்கொள்ளும்.

ஒரு நாள் மேகராசன் கூட்டம் போட்டார். தவளைகள் வந்தன. கெண்டை மீன்கள் வந்தன. காட்டு வாத்துகள் வந்தன. நத்தைகள் முந்தின நாளே கிளம்பி நேரத்துக்கு வந்து சேர்ந்தன. மேகராசன் வழக்கம்போல் தண்ணீருக்குள் நின்றபடியே பேசினார்.

"இந்தக் குளத்தை நான் கண்ணாட்டம் வச்சிருந்தேன்! அதுல இந்தக் கண்றாவிப் பாசியைக் கொண்டாந்து விட்டது யாரு?"

அப்போது அவருக்குப் பின்னால் "பொத்!" என்று ஒரு சத்தம் கேட்டது. தண்ணீரில் வட்ட வட்டமாக அலை எழுந்தது. தவளைகள் அலையைப் பார்த்தன. கெண்டைகளும் பார்த்தன. பிறகு எல்லோரும் சேர்ந்து வானத்தைப் பார்த்தார்கள். வானத்தில் ஒன்றும் இல்லை.

பெரியவர் பேசும்போது அவருடைய பின்பக்கத்தைப் பற்றிப் பேசுவது அந்தக் குளத்தில் வழக்கம் இல்லை.

வெள்ளச்சிக்கு எல்லாம் தெரியும். உட்கார்ந்திருக்கிற இடம் அப்படி. முன்னால் பேசுவதும் தெரியும், பின்னால் விழுவதும் தெரியும். தினமும் கூடை கூடையாகச் சாணம் தண்ணீரில் விழுகிறது. அது கரைகிறது. அதைத் தின்று பாசி கொழுக்கிறது. சாணம் விழுந்த இடங்களில்தான் பாசி தடித்துக் கிடந்தது. ஆனால் சாணத்துக்கு ஈ வரும். ஈ குஞ்சுகளுக்கு ஆகும். அதனால் வெள்ளச்சியும் வானத்தைத்தான் பார்த்தது.

"யாரும் வாயைத் திறக்கலையா? நானே கண்டுபிடிக்கிறேன்! பாசி எங்க இருக்கோ அங்கெல்லாம் யாரு இருக்கா?" என்றார் மேகராசன்.

எல்லோரும் பாசியைப் பார்த்தார்கள். பாசியில் நத்தைகள் இருந்தன.

"நாங்க அதைத் தின்னுட்டு இருக்கோம் ஐயா!" என்றது ஒரு நத்தை.

"திங்கிறதுக்குத்தான் வளர்த்திருக்கீங்க! ஒத்துக்கிட்டாச்சு. கிளம்புங்க!"

நத்தைகள் கிளம்பின. குளத்தை விட்டு வெளியேற அவற்றுக்கு வெகுநேரம் ஆயிற்று. அதுவரை கூட்டத்தைக் கலைக்கவும் முடியவில்லை. தின்னுகிற ஆள் போனதும் பாசி இன்னும் வேகமாக வளர்ந்தது.

"நத்தை போயும் பாசி போகலையே?" என்று மேகராசன் வியந்தார். "அவ்வளவு தூரம் கெடுத்து வச்சிட்டுப் போயிருக்குங்க!"

அடுத்து வாத்துகளைக் கூப்பிட்டார். பாசியைக் கிழித்துப் போடச் சொன்னார். வாத்துகள் காலாலும் அலகாலும் அதைத் துண்டு துண்டாகக் கிழித்தன. பொழுது சாய்வதற்குள் வேலையை முடித்துவிட்டு வந்து நின்றன.

"ஒரே பாயாக் கிடந்ததை நூறு துண்டாக்கிட்டோம் ஐயா!"

"அப்படிச் செய்யணும் வேலை!" என்றார் மேகராசன்.

காற்று அடித்தது. நூறு துண்டும் குளம் முழுக்கப் பரவி, போன இடத்தில் ஒதுங்கி, நூறு பாயாக வளர்ந்தது. வாத்துகள் மேற்கே ஏதோ அவசர வேலை இருப்பதாகச் சொல்லிவிட்டுப் பறந்துபோயின.

மேகராசனுக்குக் கோபம் தலைக்கேறியது. "இனிமே யாரையும் நம்பிப் பிரயோசனம் இல்லை. நானே பார்த்துக்கிறேன்!" என்று குளம் முழுக்க நடந்தார். பாசியை மிதித்து மிதித்துச் சேற்றுக்குள் அமுக்கினார். அமுங்காத இடத்தில் படுத்து உருண்டார். அவர் உடம்புக்கு முன்னால் பாசி என்ன செய்யும்? எல்லாம் அடியில் போய்விட்டது. குளம் பளிச்சென்று ஆனது. தவளைகள் பாராட்டிக் கத்தின. மேகராசன் அன்றைக்கு நிறையத் தின்றார். நிறையத் தின்றால் என்ன ஆகுமோ அதுவும் ஆயிற்று.

சேற்றுக்குள் போன பாசி அங்கே சும்மா இருக்கவில்லை. அழுகியது. அழுக அழுகத் தண்ணீரில் இருந்த மூச்சுக்காற்றையெல்லாம் இழுத்துக்கொண்டது. ஒரு விடியற்காலையில் கெண்டைகள் எல்லாம் மேலே வந்து வாயைத் திறந்து திறந்து மூடின. நாற்றம் மூக்கைத் துளைத்தது.

மேகராசன் அந்தக் காட்சியைக் கண்டு நெகிழ்ந்துபோனார்.

"பாத்தியா வெள்ளச்சி! விடியறதுக்கு முந்தியே எல்லாரும் வந்து என் புகழைப் பாடுறாங்க! சத்தந்தான் பத்தலை. என்ன பாடுறாங்கன்னு கேட்டுச் சொல்லு."

வெள்ளச்சி குனிந்து கேட்டது. முன்னால் நின்ற தாய்க் கெண்டை, "மூச்சு... மூச்சு முட்டுது... என் குஞ்செல்லாம்..." என்றது. அதற்கு மேல் அதனால் பேச முடியவில்லை. அதன் பக்கத்தில் சின்னச் சின்னக் குஞ்சு மீன்கள் வயிறு மேலாக மிதந்துகொண்டிருந்தன.

வெள்ளச்சி நிமிர்ந்து தன் கூட்டைப் பார்த்தது. அங்கேயும் மூன்று வாய்கள் திறந்திருந்தன. இன்றைக்கு இந்தக் குஞ்சுகள், நாளைக்கு அந்தக் குஞ்சுகள் என்று அதற்குத் தோன்றியது. வெட்கமாக இருந்தது. பயமாகவும் இருந்தது.

"என்ன பாடுறாங்க?" என்று மேகராசன் மறுபடி கேட்டார். வழக்கமான கேள்வியையும் சேர்த்துக் கேட்டார். "பின்னாடி என்ன தெரியுது?"

வெள்ளச்சி முதன்முறையாகத் திரும்பிப் பார்த்துவிட்டுப் பதில் சொன்னது.

"சாணம் ஐயா."

தவளைகள் மெல்லத் தண்ணீருக்குள் போயின.

"என்ன சொன்னே?"

"சாணம் ஐயா. நிறைய. அதைத் தின்னுதான் பாசி வளருது. மீனெல்லாம் பாடலை. மூச்சு முட்டிச் சாகுது!"

"அது என்னுது இல்லை!" என்றார் மேகராசன்.

"இந்தக் குளத்துல வேற யாருக்கு ஐயா அந்த அளவு வரும்?"

மேகராசன் ஒரு குலுக்குக் குலுக்கினார். வெள்ளச்சி தெறித்துப்போய்க் கருவேலங்கிளையில் விழுந்தது. "இனிமே என் முதுகுப் பக்கம் வந்துடாதே!" என்று அவர் உறுமினார். வெள்ளச்சி கூட்டுக்குப் போனது. குஞ்சுகள் வாயைத் திறந்தன. கொடுக்க ஒன்றும் இல்லை. அன்றைக்குப் பகல் பூராவும் அது புல்லுக்குள் அலைந்து இரண்டு வெட்டுக்கிளி பிடித்தது. மூன்று வாய்க்கு இரண்டு வெட்டுக்கிளி.

மேகராசன் இருந்த இடத்தில் நாற்றம் தாங்க முடியவில்லை. வெயிலும் தாங்க முடியவில்லை; அந்த வெயிலில் மலை தாண்டி ஆற்றுக்கும் போக முடியாது. நல்ல தண்ணீர் தேடிக் குளத்தைச் சுற்றி நடந்தார். கிழக்கு மூலையில் முள் அடர்ந்த ஓர் ஒடுக்கமான இடம் இருந்தது. முள் குத்தும் என்பதால் அவர் அங்கே ஒருநாளும் போனதில்லை, பாசியை மிதித்த அன்றைக்குக்கூட. இப்போது வேறு வழியில்லாமல் முள்ளைத் தாங்கிக்கொண்டு உள்ளே நுழைந்தார்.

அங்கே தண்ணீர் தெளிவாக இருந்தது. அடியில் கிடந்த கூழாங்கல் தெரிந்தது. பாசி பேருக்குத்தான் இருந்தது. தப்பிப் பிழைத்த கெண்டைகள் எல்லாம் அங்கேதான் நெருக்கியடித்துக்கொண்டு நின்றன. தாய்க் கெண்டையும் மிச்சமிருந்த குஞ்சுகளோடு நின்றது. அவரைக் கண்டதும் அவை ஓடப் பார்த்தன. ஓட வேறு இடம் இல்லை.

மேகராசன் குடித்தார். பிறகு யோசித்தார். எருமை யோசித்து முடிக்கக் கொஞ்சம் நேரம் பிடிக்கும். நான் போன இடமெல்லாம் பாசி. நான் போகாத இடத்தில் தண்ணீர். இவ்வளவுதான் அவர் யோசித்தது. அது அவர் மனதை மிகவும் நோகடித்தது.

அப்போது அவருக்கு வால் தூக்க வேண்டியிருந்தது. கெண்டைகள் கண்ணை மூடிக்கொள்ளப் பார்த்தன. மீனுக்கு இமை கிடையாது என்பதால் முடியவில்லை. கருவேலங்கிளையிலிருந்து வெள்ளச்சியும் பார்த்துக்கொண்டிருந்தது.

மேகராசன் தண்ணீரைப் பார்த்தார். குஞ்சு மீன்களைப் பார்த்தார். திரும்பினார். முள்ளில் கீறிக்கொண்டு கரை ஏறினார். கரையைத் தாண்டி அந்தப்புறச் சரிவில் இறங்கினார்.

"பொத்!" என்ற சத்தம் அன்றைக்குத் தரையில் கேட்டது.

தவளைகள் தலையை நீட்டின. யாரும் வானத்தைப் பார்க்கவில்லை.

அதன்பிறகு தினமும் அப்படித்தான். மேகராசன் கொம்பால் பாசியைக் கொத்துக் கொத்தாக வாரி, கரைக்கு அந்தப்புறம் கொண்டுபோய்க் கொட்டினார். கரைமேல் கொட்டினால் மழையில் திரும்ப உள்ளே வந்துவிடும் என்று தவளைகள் சொன்னதைக் கேட்டுக்கொண்டார். கொம்பில் பச்சைப் பாசி தொங்க அவர் நடந்துபோவது பார்க்கச் சிரிப்பாகத்தான் இருக்கும். யாரும் சிரிக்கவில்லை. நத்தைகளுக்கும் ஆள் அனுப்பினார். அவை இன்னும் குளத்தங்கரையைத் தாண்டியிருக்கவில்லை என்பதால் உடனே வந்துவிட்டன.

குளம் ஒரே நாளில் தெளியவில்லை. ஒரு மழைக்காலம் பிடித்தது.

முதல் நாள் பாசி வாரும்போதே மேகராசன் கருவேல மரத்தடியில் வந்து நின்றார். மேலே பார்க்காமல், "முதுகுல உண்ணி கடிக்குது," என்றார். வெள்ளச்சி இறங்கி வந்து உட்கார்ந்தது. ஓர் உண்ணியைப் பிடித்துக் குஞ்சுகளுக்குக் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தது.

கொஞ்சநேரம் கழித்து மேகராசன் தொண்டையைச் செருமினார்.

"வெள்ளச்சி, பின்னாடி என்ன தெரியுது?"

வெள்ளச்சி நன்றாகத் திரும்பி, நிதானமாகப் பார்த்தது.

"இன்னும் பாசி இருக்குங்க ஐயா. நிறையவே இருக்கு. ஆனா புதுசா ஒண்ணும் விழலை!"

குற்றவாளி யார் என்று ஊரையெல்லாம் விசாரிக்கும் முன் தன் பின்னால் கிடப்பதைப் பார்க்க வேண்டும், பார்க்க முடியாதவருக்கு அதை உள்ளபடி எடுத்துச் சொல்பவரே உற்ற துணை.